சில்பியின் கோடும் திருமலைச் சுவரும்

ஓவியரைப் பற்றிய புத்தகம் எதைக் கையில் எடுத்தாலும் முதலில் படத்தின் அடியில் இருக்கும் வரியைத்தான் பார்ப்பேன். வரைந்த ஆண்டு, எதன் மேல் எதைக் கொண்டு வரைந்தது, எத்தனை சென்டிமீட்டர், இப்போது எங்கே இருக்கிறது. இந்த நான்கும் இருந்தால் புத்தகம் போட்டவர் படத்தை மதித்திருக்கிறார். தலைப்பு மட்டும் இருந்தால், பக்கத்தை நிரப்ப ஏதோ ஒரு படம் வேண்டியிருந்திருக்கிறது, அவ்வளவுதான். தமிழில் ஓவியர்களைப் பற்றி வந்த நூல்களில் நான் பார்த்தவை பலவும் இந்த முதல் சோதனையிலேயே விழுந்துவிடுகின்றன.

அளவுக்கு இத்தனை முக்கியத்துவமா என்று கேட்கலாம். மோனலிசா 77 சென்டிமீட்டர் உயரம், 53 அகலம். ஒரு ஆள் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு போய்விடலாம். 1911இல் அப்படித்தான் போனார்கள். வெலாஸ்கெஸின் 'லாஸ் மெனினாஸ்' 3 மீட்டருக்கு மேல் உயரம். பிக்காசோவின் 'குவெர்னிகா' ஏறக்குறைய 7.8 மீட்டர் நீளம். வெர்மீரின் லேஸ் பின்னும் பெண் ஒரு சாண் கொஞ்சம் கூட. நான்கையும் ஒரே நாலு அங்குலக் கட்டத்துக்குள் அடைத்து, அடியில் பெயரை மட்டும் போட்டால் படிப்பவர் மனத்தில் நான்கும் ஒரே உருவத்தில்தான் தங்கும். குவெர்னிகாவின் முன் நிற்பவன் கழுத்தைத் திருப்பித் திருப்பிப் பார்க்க வேண்டும், வெர்மீரின் முன் நிற்பவன் மூச்சைப் பிடித்துக்கொண்டு குனிய வேண்டும். அந்த உடல் வித்தியாசத்தைப் புத்தகத்தால் தர முடியாது. எண்ணையாவது தரலாம். அதைத் தருவதற்குச் செலவும் கிடையாது.

நகரத்தில் இருப்பவருக்கு இது சின்ன விஷயமாகப் படலாம். படவேட்டில் உட்கார்ந்து பார்த்தால் அப்படி இல்லை. சவ்வாது மலை அடிவாரம், வாழைத் தோட்டம், கமண்டல நாக நதி, ரேணுகாம்பாள் கோயிலுக்கு ஆடியில் வரும் கூட்டம். இங்கிருந்து எழும்பூர் அருங்காட்சியகத்துக்குப் போய்த் திரும்ப ஒரு நாள் முழுக்க வேண்டும். சந்தவாசலிலோ போளூரிலோ பள்ளியில் படிக்கும், கை நன்றாக வரும் ஒரு பிள்ளைக்கு ஓவியம் என்பது புத்தகத்தில் இருப்பதுதான். மூலத்தைப் பார்க்க வழியில்லாத வாசகனுக்குப் போடுகிற புத்தகத்தில்தான் கூடுதல் கவனம் வேண்டும். நம்மிடம் அது தலைகீழாக நடக்கிறது.

ஓவியர் நூல் என்ற வகையின் பிறப்பிலேயே ஒரு கோளாறு உண்டு. ஓவியர்களின் வாழ்க்கையைத் தொகுத்து எழுதும் பழக்கத்தை ஐரோப்பாவில் ஊன்றியவர் ஜோர்ஜோ வசாரி. 1550இல் வந்த அவருடைய நூலின் முதல் பதிப்பில் உருவப்படங்கள் இல்லை. 1568இல் வந்த இரண்டாம் பதிப்பில் மரக்கட்டை அச்சில் படங்கள் சேர்ந்தன. அவை ஓவியங்களின் படங்கள் அல்ல, ஓவியர்களின் முகங்கள். அதாவது, ஓவியர் நூலுக்குள் முதலில் நுழைந்தது ஆளின் மூஞ்சி. வேலை வெளியிலேயே நின்றது. வேலையைக் காட்டிய புத்தகம் வர இன்னும் ஏறக்குறைய 100 ஆண்டு ஆயிற்று. 1660இல் டேவிட் டெனியர்ஸ் ஒரு பிரபுவின் சேகரிப்பில் இருந்த இத்தாலிய ஓவியங்களைச் செதுக்கச் சொல்லிப் புத்தகமாகப் போட்டார். அதில் பல படங்கள் இடம் வலம் மாறி விழுந்திருக்கின்றன. செதுக்கிய தகட்டை அச்சிட்டால் கண்ணாடியில் பார்ப்பதுபோல் திரும்பும் என்பது தொழிலில் எல்லோருக்கும் தெரியும், தெரிந்தும் விட்டார்கள்.

வசாரி தொடங்கிய நோய் தமிழில் இன்னும் தீரவில்லை. வான்கோ என்றால் காது. 1888 டிசம்பரில் ஆர்ல் நகரில் அவர் காதை அறுத்துக்கொண்டது தெரியாத தமிழ் வாசகர் இல்லை. அவர் பயன்படுத்திய குரோம் மஞ்சள் வெளிச்சம் பட்டால் நாளாக ஆகப் பழுப்பாகும் வகை. அதனால் சூரியகாந்திகளை அவர் வரைந்த நிறத்தில் இன்று யாரும் பார்க்க முடியாது. இந்தச் செய்தியைத் தமிழில் எத்தனை பேர் எழுதியிருக்கிறார்கள்? அவர் எழுதிய கடிதங்கள் 800க்கும் மேல் கிடைத்திருக்கின்றன. அவற்றில் பலவற்றில் நிறமும் தூரிகையும் காகிதமும் பணமும்தான் பேச்சு. தன் தொழிலைப் பற்றி இவ்வளவு நிதானமாகப் பேசிய ஓவியர் குறைவு. அந்த நிதானத்தை விட்டுவிட்டு வெறியை மட்டும் எடுத்துக்கொள்வது நமக்குச் சுலபமாக இருக்கிறது. சோகமான வாழ்க்கை, அதற்கு நடுவே மங்கலான நாலு படம், கடைசியில் மரணத்துக்குப் பிறகு கோடிகளில் ஏலம் போன கணக்கு. இந்த அச்சில் வார்த்த புத்தகங்களைப் படித்து ஒருவன் ஓவியரை நேசிக்கலாம், ஓவியத்தைப் பார்க்கக் கற்றுக்கொள்ள மாட்டான்.

பி.ஏ. கிருஷ்ணனின் 'மேற்கத்திய ஓவியங்கள்' இதற்கு விலக்கு. காலச்சுவடு வெளியீடு. குகை ஓவியத்தில் தொடங்கிப் பிரெஞ்சுப் புரட்சிக் காலம் வரைக்கும் முதல் தொகுதி. எழுதியவர் நாவலாசிரியர், ஆனால் கதை சொல்லும் ஆசையை அடக்கிக்கொண்டு படங்களின் பக்கம் நிற்கிறார். எந்தக் காலத்தில், யாருடைய காசில், எந்தச் சமய நெருக்கடியில் ஒரு படம் பிறந்தது என்று வரலாற்றோடு சேர்த்துச் சொல்கிறார். தமிழ் வழியிலேயே படித்து வந்த ஒருவர் ஐரோப்பிய ஓவியத்துக்குள் நுழைய இதைவிட நல்ல வாசல் எனக்குத் தெரியாது. குறை அதன் திட்டத்திலேயே இருக்கிறது. ஆயிரக்கணக்கான ஆண்டுகளை ஒரு தொகுதிக்குள் கொண்டுவரும்போது எந்த ஓவியர் முன்னாலும் நெடுநேரம் நிற்க முடியாது. பார்த்து முடிப்பதற்குள் வழிகாட்டி அடுத்த அறைக்குப் போய்விடுகிறார். அது ஆசிரியரின் குற்றமில்லை. ஒவ்வோர் ஓவியருக்கும் தனித்தனியாக மெல்லிய நூல்கள் தமிழில் இருந்திருந்தால் அவர் இவ்வளவு ஓட வேண்டியிருக்காது. ஜெர்மனியில் தாஷன் நிறுவனம் 1985இலிருந்து அப்படி மலிவு விலையில் ஓவியருக்கு ஒன்றாகப் போட்டுத் தள்ளியது. உலகம் முழுக்க மாணவர் கைகளுக்குப் போனது. நம்மிடம் லலித் கலா அகாடமி தற்கால இந்திய ஓவியர்களுக்குச் சின்னச் சின்ன நூல்கள் போட்டது. நல்ல எண்ணம். அவை ஆங்கிலத்தில் வந்து, நூலக அலமாரியிலேயே தங்கின.

இப்போது எங்கள் பக்கத்துச் சங்கதிக்கு வருகிறேன். புகழ்பெற்ற ஓவியர்களைப் பற்றி மட்டும் எழுதும் பழக்கம் இங்கே உதவாமல் போகிறது.

படவேடு சம்புவராயர்களின் தலைநகரம். 14ஆம் நூற்றாண்டில் விஜயநகரத்துக் குமார கம்பணன் படையெடுத்து வந்து அடக்கிய ஊர். அந்தக் காலத்தில் எழுந்த கோயில்கள் பல மண்ணுக்குள் போய், சென்ற நூற்றாண்டின் கடைசியில் சில மீட்டுக் கட்டப்பட்டன. இங்கிருந்து ஏறக்குறைய 20 கிலோமீட்டர் தென்கிழக்கே, போளூருக்கும் ஆரணிக்கும் இடையில், வடமாதிமங்கலத்துக்குப் பக்கத்தில் திருமலை. சமணர் மலை. 16 மீட்டர் உயர நேமிநாதர் மலைமேல் பாறையில் நிற்கிறார். கீழே குந்தவை ஜினாலயம். ராஜேந்திர சோழனின் கங்கை வெற்றி வரைக்கும் பட்டியல் போடும் புகழ்பெற்ற பாறைக் கல்வெட்டு இங்கேதான் இருக்கிறது. அந்தக் கல்வெட்டின் கடைசியில் ஒரு பெண்ணின் பெயர் வருகிறது: சாமுண்டப்பை, வணிகர் நன்னப்பையனின் மனைவி. நந்தாவிளக்கு எரிக்க 20 காசு கொடுத்தவர். ஏறக்குறைய 1025ஆம் ஆண்டு. விளக்குக்குக் காசு கொடுத்தவரின் பெயரும் கணவரின் பெயரும் ஆயிரம் ஆண்டு நிற்கின்றன.

அதே மலையில் குகைப் பாறையை ஒட்டிச் செங்கல்லும் சுண்ணமும் கொண்டு அடுக்கடுக்காகக் கட்டிய அறைகள் இருக்கின்றன. அவற்றின் சுவரிலும் கூரையிலும் ஓவியங்கள். பெரும்பகுதி விஜயநகர காலத்தவை என்பது பொதுவான கணிப்பு. அடியில் இருக்கும் அடுக்கு இன்னும் பழையது என்பாரும் உண்டு. நடுவில் தீர்த்தங்கரர், சுற்றிலும் வட்டம் வட்டமாக மதில்கள், ஆரம் போட்டுப் பிரித்த கட்டங்களுக்குள் உயிர்கள் எல்லாம் உட்கார்ந்து உபதேசம் கேட்கும் சமவசரணம். காவிச் சிவப்பு, வெள்ளை, கறுப்பு, அங்கங்கே மஞ்சள். பல இடங்களில் சுண்ணம் உரிந்து செங்கல் தெரிகிறது. வட்டத்தைக் கருவி கொண்டு இழுத்திருக்க வேண்டும், அத்தனை சுத்தம்; உள்ளே உட்கார்ந்திருக்கும் உருவங்களோ கைபோன போக்கில், ஒரே மூச்சில் வரைந்தவை. கணக்கும் கையும் ஒரே சுவரில் இப்படிப் பக்கத்தில் பக்கத்தில் இருப்பது அபூர்வம். வரைந்தவர் யார்? பெயர் இல்லை. சவ்வாது மலைக்கு வடக்கே, ஆம்பூர்ப் பக்கம் மலையம்பட்டில் ஆர்மாமலைக் குகை. 8ஆம் நூற்றாண்டென்று சொல்லப்படும் சமண ஓவியங்களின் மிச்சம் அங்கே இருக்கிறது: தாமரைக் குளம், திசைக் காவலர்கள். அங்கும் பெயர் இல்லை.

பெயர் இல்லாதவருக்கு வாழ்க்கை வரலாறு எழுத முடியாது. அதனால் ஓவியர் நூல் என்ற வகைக்குள் திருமலைச் சுவர் நுழையவே நுழையாது. காது அறுத்துக்கொண்டாரா, கடனில் செத்தாரா என்று எழுத ஒன்றும் இல்லை. படம் மட்டும் இருக்கிறது. இப்படிப்பட்ட ஓவியத்துக்குப் புத்தகம் போட ஒரே வழிதான்: இன்னொரு ஓவியர் வந்து, உட்கார்ந்து, பார்த்து வரைவது. கேமரா இருக்கிறதே என்பார்கள். கேமரா வேண்டும்தான். ஆனால் இருட்டான சிறு அறையில், தலைக்கு மேலே வளைந்த கூரையில், உரிந்த சுண்ணத்துக்கும் அழுக்குக்கும் நடுவே ஓடும் ஒரு கோட்டை எது கோடு, எது விரிசல் என்று கேமரா பிரித்துச் சொல்லாது. கை சொல்லும்.

சொல்வதில் ஆபத்தும் உண்டு. அதற்கு அஜந்தா சாட்சி. ராபர்ட் கில் என்ற ராணுவ அதிகாரி பல ஆண்டு அங்கேயே தங்கி எண்ணெய் வண்ணத்தில் பிரதி எடுத்தார். லண்டன் கிறிஸ்டல் மாளிகையில் 1866இல் பிடித்த தீயில் பெரும்பாலும் போயிற்று. அடுத்து பம்பாய் கலைப் பள்ளியின் ஜான் கிரிஃபித்ஸ் மாணவர்களோடு போய் 1872 முதல் ஆண்டுக் கணக்கில் எடுத்தார். அதிலும் பல 1885இல் பிடித்த இன்னொரு தீயில் போயின. 1896–97இல் அவர் போட்ட இரண்டு பெரிய தொகுதிகளில் அந்த வேலையைப் பார்க்கலாம். பிறகு ஹெரிங்ஹாம் அம்மையாரோடு நந்தலால் போஸும் மைசூர் வெங்கடப்பாவும் மற்ற இளைஞர்களும் போனார்கள். அவர்கள் எடுத்த பிரதிகள் 1915இல் நூலாயின. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தால் ஒரே சுவர் இரண்டு சுவராகத் தெரியும். கிரிஃபித்ஸின் பிரதியில் ஐரோப்பியக் கலைப் பள்ளியின் நிழலும் திரட்சியும் இருக்கின்றன. இந்த இளைஞர்களின் பிரதியில் கோடு மெலிந்து மிதக்கிறது. அவர்கள் ஊருக்குத் திரும்பிப் போய்த் தங்கள் சொந்த ஓவியத்தில் என்ன செய்யப்போகிறார்கள் என்பது அதிலேயே தெரிந்துவிடுகிறது. பிரதி எடுப்பவர் சுவரைக் காட்டும்போதே தன்னையும் காட்டிவிடுகிறார். அதை ஒத்துக்கொள்கிற நூல் நேர்மையானது. மறைக்கிற நூலைச் சந்தேகத்தோடுதான் புரட்ட வேண்டும்.

இந்த அளவுகோலை எடுத்துக்கொண்டு சில்பியிடம் போகிறேன். தமிழில் ஓவியர் நூல் என்று ஒன்றை மட்டும் காட்டச் சொன்னால் நான் காட்டுவது 'தென்னாட்டுச் செல்வங்கள்' இரண்டு தொகுதிகளைத்தான். கோயிலைப் பற்றிய நூல் என்றே அது விற்கிறது. அதை ஓவியர் நூலாகப் படித்துப் பார்க்க வேண்டும் என்பதே என் வாதம்.

சில்பி என்கிற பி.எம். சீனிவாசன் 1919இல் நாமக்கல்லில் பிறந்தவர். அதே ஊரில் கவிஞரும் ஓவியருமாக இருந்த ராமலிங்கம் பிள்ளையின் தூண்டுதலில் சென்னைக் கலைப் பள்ளிக்கு வந்தார். தேவி பிரசாத் ராய் சௌத்ரி முதல்வராக இருந்த காலம் அது. 1940களின் நடுவில் ஆனந்த விகடனில் சேர்ந்தார். சில்பி என்று பெயர் வைத்தவர் அங்கே தலைமை ஓவியராக இருந்த மாலி. 1948இல் 'தென்னாட்டுச் செல்வங்கள்' தொடர் தொடங்கிப் பத்தாண்டுக்கு மேல் ஓடியது. ஊர் ஊராகப் போய், சிற்பத்தின் முன்னாலேயே உட்கார்ந்து வரைவது அவர் வழக்கம். பக்கத்தில் குறிப்பு எழுதியவர் எழுத்தாளர் தேவன். வாரப் பத்திரிகையில், தொடர்கதைக்கும் துணுக்குக்கும் நடுவே, தமிழ் வீட்டுக் கூடத்துக்குச் சிற்பம் வந்து சேர்ந்தது அப்படித்தான். சில்பி 1983இல் மறைந்தார். படங்கள் புத்தகமாகத் திரண்டது வெகுகாலம் கழித்து.

முதலில் பலத்தைச் சொல்கிறேன். கருவறையில் கேமராவை விட மாட்டார்கள், ஓவியரை விடுவார்கள். படவேட்டு யோக ராமர் கோயிலையே எடுத்துக்கொள்ளுங்கள். ராமர் கையில் வில் இல்லை. கண் மூடி, வலக்கையை மார்பில் ஞான முத்திரையாக வைத்து உட்கார்ந்திருக்கிறார். எதிரே அனுமன் சுவடி பிடித்துப் படிக்கிறார். சீதையும் இலக்குவனும் அருகில். தமிழ்நாட்டில் அதிகம் பார்க்க முடியாத அமைப்பு. வந்தவாசிப் பக்கம் நெடுங்குணத்தில் இதற்கு நெருங்கிய உறவுள்ள ஒன்று உண்டு. அர்ச்சகர் தீபாராதனை காட்டும்போது ராமரின் முழங்காலும் மார்புக் கையும் தெரியும். தட்டு கீழே இறங்கும்போது அனுமனின் சுவடி தெரியும். முழுச் சன்னிதியும் ஒரு சேரக் கண்ணில் படுவதில்லை. பல தடவை பார்த்ததை ஒரே பார்வையாகக் கோத்துத் தாளில் வைக்க ஓவியரால்தான் ஆகும். சில்பி மற்ற ஊர்களில் செய்தது இதைத்தான். தீபம் எங்கே நிற்க வேண்டும் என்று அவரே முடிவு செய்தார். பின்னணியை இருட்டாக்கி உருவத்தை முன்னே கொண்டுவந்தார். ஆபரணத்தில் மணி எத்தனை, அரைப்பட்டிகையின் கொக்கி எப்படி மாட்டியிருக்கிறது, கேயூரத்தின் கொடி எந்தப் பக்கம் சுழிகிறது என்பதில் அவர் கை சோம்பியதே இல்லை. சிற்பத்தைப் பற்றிப் பத்துப் பக்கம் எழுதியும் வாசகன் பார்க்கத் தவறும் இடங்களை ஒரு கோட்டில் பார்க்கவைக்கிறார்.

இரண்டாவது பலம் பலர் யோசிக்காதது. ரெம்பிராண்டின் படத்தைப் புத்தகத்தில் போட்டால் அது சுருங்கிய நகல். சில்பியின் படம் அப்படியல்ல. பத்திரிகைப் பக்கத்துக்கென்றே, அச்சுக்கென்றே வரைந்தது. எந்தச் சாம்பல் ஹாஃப்டோன் பிளாக்கில் நிற்கும், எது மைக்குள் மூழ்கிவிடும் என்று கணக்குப் போட்டு வைத்த நிழல் அது. ஆகவே அச்சிட்ட பக்கமே அதன் உண்மையான இருப்பிடம். கோபுலு, மணியம் என்று அந்தத் தலைமுறை பத்திரிகை ஓவியர் எல்லோருக்கும் இது பொருந்தும். ஓவியர் நூல் என்ற வகை பிறந்தது முதல் சுமந்து வரும் கோளாறு, அதாவது மூலம் ஓரிடம் நகல் ஓரிடம் என்ற விலகல், இவர்களிடம் ஏறக்குறைய இல்லை. தமிழில் உலகத் தரத்தில் ஓவியர் நூல்கள் வருமானால் அவை பத்திரிகை ஓவியர்களைப் பற்றியே வரும் என்று நான் நினைப்பதற்கு இதுதான் காரணம். ஒரே ஒரு தொழில்நுட்ப எச்சரிக்கை. பழைய இதழ்ப் பக்கத்திலிருந்து மறுபடி படமெடுத்து அச்சிட்டால் புள்ளி மேல் புள்ளி விழுந்து நிழல் கலங்கும். ஓவியர் வரைந்த மூலப் படம் கிடைக்கும் இடத்தில் அதிலிருந்துதான் எடுக்க வேண்டும்.

இனி குறை. சில்பியின் கல் கல்லாக இல்லை. சந்தனம் பூசித் துடைத்த தோல்போல் வழவழவென்று இருக்கிறது. உளிப் பொளி இல்லை, பாறையின் சொரசொரப்பு இல்லை. பல்லவர் கல்லின் அடக்கமும் நாயக்கர் கல்லின் ஆர்ப்பாட்டமும் ஆபரணத்தில் வேறுபடுகின்றன, சதையில் ஒன்றாகிவிடுகின்றன. கண்களுக்குப் பார்வை கொடுக்கிறார், உதட்டுக்கு ஈரம் கொடுக்கிறார். கும்பிடுகிறவருக்கு இது பெரும் பேறு. சிற்பம் படிக்கிறவருக்கு நஷ்டம். படவேட்டு ராமரின் மூடிய கண்ணை அவர் வரைந்தால் இமைக்குள் விழி அசைவது தெரிந்திருக்கும் என்று எனக்குத் தோன்றுகிறது. சிற்பி அங்கே எதையும் அசைய விடவில்லை. கிரிஃபித்ஸ் அஜந்தாவில் செய்ததற்கும் இதற்கும் வேர் ஒன்றே: கலைப் பள்ளியில் பழகிய ஒளி நிழல். பக்தி அதற்கு மேல் பூசிய வண்ணம்.

இதை வைத்துச் சில்பியைத் தள்ளிவிட முடியுமா? முடியாது என்பேன், காரணத்தோடு. அவர் அளவு விகிதத்தில் பொய் சொல்லவில்லை. இடுப்பு வளைவு, தோள் சரிவு, கை நீளம் இவற்றில் அவர் சிற்பிக்குக் கட்டுப்படுகிறார். மேற்பரப்பில் மட்டும் தன் விருப்பம்போல் போகிறார். கோடு நேர்மை, வண்ணம் சொந்தம். எங்கே நம்பலாம், எங்கே நம்பக் கூடாது என்று வாசகனுக்குப் பிரித்துச் சொல்லிவிட்டால் போதும். அதைச் சொல்ல வேண்டியது உரைப்பகுதியின் வேலை. தேவனின் குறிப்புகள் அதைச் செய்வதில்லை. தல புராணம், சிற்பத்தின் கதை, கொஞ்சம் நகைச்சுவை என்று வாசகரைக் கோயிலுக்குக் கூட்டிப்போகின்றன. தாளுக்குப் பக்கத்தில் நிறுத்துவதில்லை. வாராந்தரப் பத்திரிகையில் அது சரி. புத்தகமாகும்போது ஓவியம் தெரிந்த ஒருவரின் தனி உரை கூட வேண்டும்.

ஒப்பிட இரண்டு பேர். கே.எம். ஆதிமூலத்தின் 1962 முதல் 1996 வரையிலான கோட்டோவியங்களைத் தொகுத்த நூல் ஒன்று ஆங்கிலத்தில் வந்தது. சில்பிக்கு நேர் எதிர். இவர் யாருடைய சிற்பத்துக்கும் கட்டுப்பட்டவரல்ல. 1969 காந்தி நூற்றாண்டையொட்டி வரைந்த காந்தி வரிசையில் உருவம் தெளிவாகத் தொடங்கி, கோடு கோடாகப் பிரிந்து, கடைசியில் காந்தி இருந்த இடம் மட்டும் மிஞ்சுகிறது. ஒரு கை முப்பது ஆண்டில் எப்படி மாறியது என்பதை ஆண்டு வரிசை ஒன்றே சொல்லிவிடுகிறது, வாழ்க்கைக் கதை தேவைப்படவில்லை. ஓவியர் நூல் எப்படிக் கட்டப்பட வேண்டும் என்பதற்கு நல்ல பாடம். கரிசல் எழுத்தோடு சேர்ந்து ஜூனியர் விகடனில் அவர் கோட்டைப் பார்த்துப் பழகிய லட்சக்கணக்கான தமிழருக்கு அந்தப் பாடம் தமிழில் கிடைத்திருக்க வேண்டும்.

இன்னொருவர் சி. சிவராமமூர்த்தி. தென்னிந்திய ஓவியங்கள் பற்றிய அவருடைய ஆங்கில நூல் 1968இல் தில்லி தேசிய அருங்காட்சியக வெளியீடாக வந்தது. அறிஞர், கூடவே கைதேர்ந்த கோட்டுக்காரர். தன் நூல்களுக்குத் தானே வரைவார். சில்பியின் படத்தில் நிழல் பேசும், இவர் படத்தில் விளிம்பு மட்டும் பேசும். எது மூலத்தில் இருக்கிறது, எது இல்லை என்பதில் இவர் கை கறார். அழகில் சில்பிக்குக் கிட்ட வராது. திருமலைச் சுவருக்கு யாரை அனுப்புவாய் என்று கேட்டால் தயங்காமல் சிவராமமூர்த்தியின் கையைத்தான் அனுப்புவேன். அங்கே சுண்ணம் உரிந்த இடத்தை உரிந்த இடமாகவே காட்டத் தெரிந்த கை வேண்டும். முகம் பாதி போயிருந்தால் மீதிப் பாதியைக் கற்பனையில் முடித்துத் தராத கை வேண்டும்.

என் முடிவு இது. காது அறுந்த கதைப் புத்தகங்களை வாங்க வேண்டாம். நூலகத்தில் கிடைத்தால் ஒரு மாலையில் படித்து வைத்துவிடலாம். கிருஷ்ணனின் நூலை வாங்கிப் பிள்ளைகள் கையில் கொடுக்கலாம். 'தென்னாட்டுச் செல்வங்கள்' தமிழில் வந்த மிகச் சிறந்த ஓவியர் நூல். சிற்ப நூல் என்ற அளவில் இரண்டாம் தரம். இரண்டையும் சேர்த்தே சொல்ல வேண்டும். அதை வைத்துக்கொண்டு கோயிலுக்குப் போகிறவர் உடற்கட்டையும் ஆபரணத்தையும் அதிலிருந்து எடுத்துக்கொள்ளட்டும், முகபாவத்தைக் கல்லிடமே கேட்டுக்கொள்ளட்டும்.

திருமலைக்கும் ஆர்மாமலைக்கும் தமிழில் ஒரு வண்ண நூல் வேண்டும். கும்பகோணத்திலும் சென்னையிலும் அரசு கவின்கலைக் கல்லூரிகள் இருக்கின்றன. ஆண்டுதோறும் அங்கே இறுதியாண்டு மாணவர்கள் இருக்கிறார்கள். தொல்லியல் துறை அனுமதி வாங்கிக் கொடுத்து, ஒரு பருவம் அவர்களைத் திருமலையில் தங்கவைத்து, சுவரின் அளவிலேயே பிரதி எடுக்கச் சொல்லலாம். சமவசரண வட்டத்தை மடித்து விரிக்கும் பெரிய தாளில் அச்சிடலாம். ஒவ்வொரு படத்துக்கும் அடியில் எந்த அறை, எந்தச் சுவர், எத்தனை சென்டிமீட்டர், எந்த ஆண்டில் எடுத்த பிரதி, எடுத்த மாணவர் யார் என்று ஒரு வரி இருக்கட்டும். வரைந்தவர் பெயர் போனது போயிற்று. பிரதி எடுத்தவர் பெயரையாவது விட்டுவிடாதீர்கள்.